சொல்லின் அளவறிந்த இசை



அருணகிரிநாதரின் சந்தம் முழங்கிய இத்திருவண்ணாமலையில், சொல்லின் அளவறிந்த இசையமைப்பாளர் எல். வைத்தியநாதனை (1942–2007) நினைப்பது கவிஞர்க்குப் பயன் தரும். அவர் வயலின் மரபில் வந்தவர்; எல். சுப்பிரமணியம், எல். சங்கர் ஆகியோரின் தமையனார்.

1982இல் கே. ஹரிஹரன் இயக்கிய 'ஏழாவது மனிதன்' படத்தில் பாரதியார் பாடல்களுக்கு இசையமைத்தார். மெட்டுக்கேற்பச் சொல்லை மாற்றித்தரக் கவிஞர் இல்லை. அவர் மறைந்து 61 ஆண்டுகள் ஆகியிருந்தன. எனவே இசையே கவிதைக்கு வழிவிட்டது.

1987இல் சிங்கீதம் சீனிவாசராவ் இயக்கிய 'பேசும் படம்' உரையாடல் அற்றது. அங்கே சொல்லின் பணியையும் இசையே ஏற்றது.

சங்கர் நாக் இயக்கிய 'மால்குடி டேஸ்' தொலைக்காட்சித் தொடரின் முகப்பிசையில் பொருளற்ற ஒலிகளே ஒரு சிற்றூரை எழுப்பின. அதனை முணுமுணுப்போர் பலர். ஆக்கியவர் பெயர் அறிந்தோர் சிலர்.

படைப்பு நின்று பெயர் மறைவது தமிழுக்குப் புதிதன்று. செம்புலப்பெயனீரார்க்கு அவர்தம் பாட்டின் தொடரே பெயராயிற்று. ஏடு காத்தோர் செய்ய இயன்றது அவ்வளவே. நம் காலத்துக் கலைஞர்க்கு அந்நிலை நேர்ந்தால் பழியைக் காலத்தின்மேல் ஏற்ற இயலாது; அது நம்முடையது.

பாடலைப் பாடும்போது பெயரையும் சொல்வோம்.