வீட்டுத் தமிழும் தமிழே

பம்பலப்பிட்டியில் யாழ்ப்பாணத்தார், மட்டக்களப்பார், மலையகத்தார் யாவரும் அயலவராக வாழ்கின்றோம். ஆயினும் ஒருவர் பேச்சை மற்றவர் நகைப்பது ஒழிந்தபாடில்லை. பள்ளியில் மலையகத் தோழன் ஒருவனின் பேச்சைக் 'கொச்சை' என்று நாமும் நகைத்தோம்; அதன்பின் அவன் வகுப்பில் வாய்திறக்கவேயில்லை.

தொல்காப்பியர் கூறிய அ, இ, உ என்னும் மூன்று சுட்டுக்களுள் உகரம் தமிழகப் பேச்சில் பெரும்பாலும் மறைந்தது. யாழ்ப்பாணத்தாரின் 'உவன்', 'உது' என்பவற்றில் இன்றும் வாழ்கின்றது. அதனைக் காத்தது ஏடறியாத பாட்டியரின் நாவன்றோ?

1960களில் ஈழத்து எழுத்தாளர் மக்கள் பேச்சைக் கதைகளில் எழுதியபோது, மரபுவாதிகள் அதனை 'இழிசனர் வழக்கு' என்றனர். அப்பெயர் சொல்லையன்று, பேசிய மனிதரையே இழித்தது. நாம் அத்தோழனுக்குச் செய்ததும் அதுவே.

மேடையில் செந்தமிழ் பேசுவோம். ஆயின் எவர் வீட்டுத் தமிழையும் நகையோம்.