கூத்து பழகும் பிள்ளைகள்

தமிழகத்தின் வட மாவட்டங்களில் திரௌபதி அம்மன் திருவிழா என்றால் விடிய விடியக் கட்டைக்கூத்து உண்டு. பாட்டு, அடவு, வசனம் மூன்றையும் ஒரே நடிகர் சுமக்கும் கலை அது. ஒளிப்பதிவு செய்து வைத்தால் மட்டும் போதாது. இளம் தொண்டைகளும் கால்களும் பழகினால்தான் அது நிலைக்கும். படிப்பு கெடாதா என்று பெற்றோர் கேட்பது நியாயமான கவலை. அதற்குக் காஞ்சிபுரம் அருகே புஞ்சரசந்தாங்கலில் விடை கிடைத்தது. பெருங்கட்டூர் ராஜகோபால் தம்பதியர் 2002இல் தொடங்கிய குருகுலம், பள்ளிப் பாடத்தையும் கூத்தையும் சேர்த்தே கற்றுத்தந்தது. ஆண்களே ஆடிவந்த கூத்தில் சிறுமிகளும் வேடம் கட்டினார்கள். மரபு மீறல் என்பவர்கள் இருக்கலாம். ஆடுவோர் பெருகியதால் மரபுக்கு லாபமே. அந்தக் குருகுலம் 2020இல் மூடப்பட்டது. இனி அந்தப் பணி பள்ளிகளின் கையில். கூத்து நடக்கும் ஊர்களின் ஆசிரியர்களே, வாரத்தில் ஒரு பாடவேளையையாவது உங்கள் ஊர்க் கூத்து வாத்தியாருக்கு ஒதுக்குங்கள்.