வக்கீல் கதை எழுதப் போனார்



பாறசாலையிலிருந்து காலையில் நெய்யாற்றின்கரைக்குப் பஸ் ஏறுங்கள். கோர்ட்டுக்குப் போகிறவர்கள் சிலராவது அதில் இருப்பார்கள். மடியில் ஒரு பை. பைக்குள் பழைய ஆதாரம், வரி கட்டிய ரசீது. எல்லைத் தகராறு, பாகப் பிரிவினை, கடன் பாக்கி என்று ஆளுக்கொரு வழக்கு. அந்தப் பக்கம் குழித்துறைக் கோர்ட்டிலும் இதே கூட்டம்தான். கறுப்புக் கோட்டுப் போட்ட வக்கீல் வந்தால் எல்லாரும் எழுந்து நிற்கிறார்கள். மகன் வக்கீலுக்குப் படித்தால் வீட்டுக்கே பெருமை.

அப்படிப்பட்ட வேலையை ஒருவர் முப்பது வயதில் விட்டுவிட்டார். கதை எழுதுவதற்காக விட்டார். அவர் பெயர் சரதிந்து பந்தோபாத்யாய். வங்காளி.

வங்காளி என்றாலும் அவர் பிறந்தது வங்காளத்தில் அல்ல. 1899ஆம் ஆண்டு மார்ச் 30ஆம் தேதி, உத்தரப் பிரதேசத்தில் உள்ள ஜோன்பூரில் பிறந்தார். அப்பா பீகாரில் உள்ள முங்கேரில் வக்கீல். தெருவில் இந்தி. வீட்டில் வங்காளி.

இது நமக்குப் புதிய செய்தியா? 1956ஆம் ஆண்டு நவம்பர் 1ஆம் தேதி விளவங்கோடு தாலுகா சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது. பாறசாலை கேரளத்தில் நின்றது. மொழி அந்த எல்லையைப் பார்த்து நிற்கவில்லை. வீட்டில் தமிழ் பேசுகிறோம். பஸ்ஸில் எழுதியிருக்கும் ஊர்ப் பெயரை மலையாளத்தில் படிக்கிறோம். சரதிந்துவின் வீடும் அப்படித்தான் இருந்தது.

கல்கத்தாவில் கல்லூரியில் படித்தார். பாட்னாவில் சட்டம் படித்தார். முங்கேரில் அப்பாவோடு சேர்ந்து வக்கீல் தொழில் பார்த்தார். 1929இல் அதை விட்டார். கதை எழுதினால் அந்தக் காலத்தில் என்ன கிடைக்கும்? வக்கீல் பீஸ் போலக் கிடைக்காது. ஆனாலும் விட்டார்.

1932இல் பியோம்கேஷ் பக்ஷி என்ற ஒரு ஆளை உருவாக்கினார். பியோம்கேஷ் குற்றங்களைத் துப்பறிகிறவன். துப்பறிகிறவன் என்று சொன்னால் அவனுக்குப் பிடிக்காது. 'சத்தியான்வேஷி' என்று தன்னைச் சொல்லிக்கொள்வான். உண்மையைத் தேடுகிறவன் என்று பொருள். ஒரு கதையின் பெயர் 'அர்த்தமனர்த்தம்'. பணமே கேடு என்பது போல ஒரு பெயர். அதில் ஒரு உயிலை வைத்துத்தான் தகராறு. உயில், சொத்து, வாரிசு என்று கதையில் வரும்போது பழைய வக்கீல் கொஞ்சம் எட்டிப் பார்க்கிறார். படித்த படிப்பு வீணாகவில்லை.

1938இல் பம்பாயிலிருந்து அழைப்பு வந்தது. அழைத்தவர் ஹிமான்சு ராய். அவரும் தேவிகா ராணியும் மலாட் என்ற இடத்தில் பம்பாய் டாக்கீஸ் என்ற படக் கம்பெனியை நடத்தினார்கள். அங்கே நடிகர்களுக்கும் எழுத்தாளர்களுக்கும் மாதச் சம்பளம் உண்டு. படங்களை இயக்கியவர் பிரான்ஸ் ஆஸ்டன் என்ற ஜெர்மானியர். 'பாபி', 'துர்கா', 'நவஜீவன்' போன்ற படங்களுக்குச் சரதிந்து கதை கொடுத்தார்.

சினிமாவுக்கு எழுதுவது வேறு வேலை. புத்தகத்தில் 'அவளுக்குக் கவலையாக இருந்தது' என்று ஒரு வரி எழுதினால் போதும். சினிமாவில் கவலையைக் காமிரா பார்க்க வேண்டும். அடுப்பில் பால் பொங்கி வழிகிறது. அவள் அதைக் கவனிக்காமல் வாசலையே பார்க்கிறாள். கவலை தெரிந்துவிட்டது. இப்படி ஒவ்வொரு காட்சியாக யோசித்து எழுதுவதுதான் திரைக்கதை. எங்கே நிற்கிறார்கள், யார் வருகிறார்கள், எப்போது பேசுகிறார்கள் என்று எல்லாம் அதில் இருக்க வேண்டும்.

சரதிந்துவுக்கு இது கைவந்தது. ஆனால் ஒரு குறை. படம் இந்திப் படம். நடிகர்கள் பேசும் இந்தி வசனத்தை மற்றவர்கள் எழுதினார்கள். கதை அவருடையது, பேச்சு அவருடையது அல்ல. சம்பளம் வந்தது. ஆனால் பதினைந்து ஆண்டு அளவுக்குப் பியோம்கேஷ் கதை ஒன்றுகூட வரவில்லை. இந்தக் கணக்கில் அவருக்கு லாபமா நஷ்டமா என்று கேட்டால், நஷ்டம் என்றுதான் சொல்லத் தோன்றுகிறது.

பிறகு ஒருமுறை கல்கத்தாவில் ஒரு நண்பர் வீட்டுப் பிள்ளைகள் அவரைப் பிடித்துக்கொண்டார்கள். 'பியோம்கேஷைப் பற்றி ஏன் இப்போது எழுதுவதில்லை?' என்று கேட்டார்கள். அந்தக் கதைகள் வந்தபோது அவர்களில் பலர் பிறந்தே இருக்க மாட்டார்கள். பழைய புத்தகத்தை எடுத்துப் படித்திருக்கிறார்கள். சரதிந்து மறுபடி எழுதத் தொடங்கினார். 1952இல் சினிமாவை விட்டுப் புனேக்குக் குடிபோனார். ஒரு முறை கோர்ட்டை விட்டவர், இப்போது சினிமாவையும் விட்டார்.

புனேயைச் சுற்றி மலைகள். மலைகளின் மேல் சிவாஜியின் கோட்டைகள். மராட்டிய நாட்டில் இருந்துகொண்டு, வங்காளத்துப் பிள்ளைகளுக்காகச் சதாசிவன் என்ற மராட்டியச் சிறுவனின் கதைகளை எழுதினார். சதாசிவன் ஆதரவு இல்லாத பையன். ஊரை விட்டுப் போய்ச் சிவாஜியின் கூட்டத்தில் சேர்கிறான். பெரிய வீரன் அல்ல, மூளைக்காரன். ஒவ்வொரு கதைக்கும் 'காண்டம்' என்று பெயர். நமக்குக் காண்டம் என்றால் ராமாயணத்தின் ஒரு பகுதி. வங்காளியில் அமளிக்கும் காண்டம் என்றே பெயர். பிள்ளைகள் பெயரைப் படித்ததும் சிரித்திருப்பார்கள்.

தெற்கே நம் பக்கமும் அவர் பார்வை வந்தது. விஜயநகரத்தை வைத்து 'துங்கபத்ராவின் கரையில்' என்று பொருள்படும் நாவலை எழுதினார். 1967இல் அதற்கு ரவீந்திர விருது கிடைத்தது. அதே ஆண்டு சத்யஜித் ரே பியோம்கேஷின் கதை ஒன்றை 'சிடியாகானா' என்ற படமாக எடுத்தார். இம்முறை அது வங்காளிப் படம். 1993இல் தூர்தர்ஷனில் பாசு சட்டர்ஜி எடுத்த 'பியோம்கேஷ் பக்ஷி' தொடர் வந்தது. ரஜித் கபூர் நடித்தார். உங்களில் சிலர் பக்கத்து வீட்டு டி.வி.யில் அதைப் பார்த்திருக்கலாம். அந்தத் தொடர் இந்தியில். எழுதியவர் அதைப் பார்க்க இல்லை.

1970ஆம் ஆண்டு செப்டம்பர் 22ஆம் தேதி சரதிந்து காலமானார். அப்போது ஒரு பியோம்கேஷ் கதை பாதியில் இருந்தது. நாடக மேடையில் ஒரு நடிகர் இறக்கிறார். பியோம்கேஷ் விசாரிக்கத் தொடங்குகிறான். கொலை செய்தது யார் என்று எழுதும் முன்பே பேனா நின்றுவிட்டது. பின்னால் நாராயண் சன்யால் என்ற எழுத்தாளர் அந்தக் கதையை எழுதி முடித்தார்.