பிறப்பைக் கேளாத புள்ளியும் நம் இளைஞரும்

(வெள்ளி விழா இளைஞர் அரங்கில் நிகழ்த்தப்பெற்ற உரை)



நம் பகுதியில் இன்று ஒரு சொல் வலம் வருகின்றது. இருங்காட்டுக்கோட்டைக்குச் செல்லும் ஆலைப் பேருந்திலும், ஒரகடம் சாலையோரத் தேநீர்க் கடையிலும், செம்பரம்பாக்கம் ஏரிக்கரையில் மாலையில் கூடும் இளைஞர் பேச்சிலும் அதனைக் கேட்கின்றோம். ‘பி.ஆர்.’ என்பது அச்சொல். கனடாவிலோ ஆஸ்திரேலியாவிலோ நிலையாகக் குடியிருக்கும் உரிமை என்பது அதன் பொருள். அது குடியுரிமை அன்று. வாக்குரிமை அதில் இல்லை. ஆயினும் குடும்பத்துடன் வாழலாம், விரும்பிய வேலையைச் செய்யலாம், வேலை போனாலும் நாட்டை விட்டுப் போகவேண்டியதில்லை. வளைகுடா நாடுகளுக்குச் சென்று முதலாளியின் கையெழுத்தை நம்பி வாழ்ந்து திரும்பிய நம் அண்ணன்மாருக்கு இவ்வேறுபாட்டை விளக்கவேண்டியதில்லை.

இவ்வுரிமையைப் புள்ளி போட்டு வழங்குகின்றனர் என்பதும், அப்புள்ளியில் சாதிக்கு இடமில்லை என்பதும் நம் இளைஞரை ஈர்க்கின்றன. உண்மைதான், விண்ணப்பத்தில் அந்தப் பத்தி இல்லை. ஆனால் பிறப்பைக் கேளாத அந்தப் புள்ளி எவற்றைக் கேட்கின்றது? அவற்றில் எவை நம் கையில் உள்ளன, எவை நம்மிடமிருந்து தடுக்கப்பட்டுள்ளன? இதனைத்தான் இன்று உங்களுடன் எண்ணிப் பார்க்க விரும்புகின்றோம்.

கடல் கடப்பது செங்கற்பட்டுச் சீமையின் மக்களுக்குப் புதிதன்று. சென்னையிலிருந்து புறப்பட்ட ‘ட்ரூரோ’ என்னும் கப்பல் 1860-ஆம் ஆண்டு நவம்பர் 16-ஆம் நாள் ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிக்கொண்டு டர்பன் துறையை அடைந்தது. அதன்பின் அரை நூற்றாண்டுக் காலம் நேட்டாலின் கரும்புத் தோட்டங்களுக்கு ஆள் சேர்த்த மாவட்டங்களுள் நம் மாவட்டமும் ஒன்று. அம்மக்களிடம் அன்று கேட்கப்பட்டது உடல் வலிமையும் பெருவிரல் கைநாட்டும் மட்டுமே. அதே நேட்டாலில், இம்மாவட்டத்துக் கோழியாளத்தில் பிறந்த பெரியவர் இரட்டைமலை சீனிவாசன் அவர்கள் நீதிமன்ற மொழிபெயர்ப்பாளராக அமர்ந்தார். அதே கடலைக் கடந்தவர்தாம். ஆனால் உடன் கொண்டு சென்றது மொழி.

அக்காலத்தில் வெள்ளையர் ஆண்ட நாடுகள் பிறப்பைப் பார்த்தே கதவைத் திறந்தன. ஆஸ்திரேலியா 1901-ஆம் ஆண்டுச் சட்டத்தில் ‘கறுப்பர் வரக்கூடாது’ என்று எழுதவில்லை. ஐரோப்பிய மொழி ஒன்றில் ஐம்பது சொற்களை அதிகாரி சொல்லச் சொல்ல எழுதவேண்டும் என்று எழுதிற்று. எந்த மொழி என்பதை அதிகாரியே முடிவு செய்வார். ஆங்கிலம் அறிந்தவனிடம் வேறொரு மொழியை நீட்டினால் முடிந்தது. 1934-இல் பல மொழிகள் அறிந்த எழுத்தாளர் எகான் கிஷ் என்பவரைத் தடுக்க ஸ்காட்லாந்தின் கேலிக் மொழியில் தேர்வு வைத்தனர். கனடா 1908-இல், பிறந்த நாட்டிலிருந்து இடைநில்லாமல் வந்த பயணியே இறங்கலாம் என்று விதி செய்தது. இந்தியாவிலிருந்து அப்படி நேரே செல்ல வழியில்லை என்று தெரிந்தே செய்த விதி அது. 1914-இல் ‘கோமகதா மாரு’ கப்பலில் சென்ற 376 பேரில் மிகச் சிலர் தவிர ஏனையோர் வான்கூவர் துறையிலிருந்து திருப்பியனுப்பப்பட்டனர். சட்டத்தில் பெயர் சொல்லாமல் ஒரு கூட்டத்தை வெளியே நிறுத்தும் கலை நமக்கு அறியாததன்று.

இந்நிலையை மாற்றிய முதல் நாடு கனடாவே. 1967-ஆம் ஆண்டு அக்டோபரில் அது புள்ளிமுறையைக் கொண்டுவந்தது. மொத்தம் 100, தேறுவதற்கு 50. கல்விக்கு 20, நாட்டில் தேவைப்படும் தொழிலுக்கு 15, தொழில்திறனுக்கு 10, வயதுக்கு 10, மொழிக்கு 10 என்றவாறு வகுத்தனர். இதனுள் ஒன்றை நாம் கவனிக்கவேண்டும். அதிகாரி நேரில் பார்த்து, தம் கருத்துப்படி வழங்கும் புள்ளி 15. எழுத்துத் தேர்வில் முன்னின்று நேர்முகத் தேர்வில் பின்தள்ளப்பட்ட நம் பட்டதாரிகளுக்கு இந்தப் பதினைந்தின் பொருள் சொல்லாமலே விளங்கும். நல்வாய்ப்பாக இன்றைய முறையில் அது இல்லை. இன்று எல்லாம் தாளும் கணிப்பொறியும்தான். அதிகாரியின் முகக்குறிப்புக்கு அஞ்சவேண்டியதில்லை. ஆனால் தாள் இல்லாதவனுக்கு எடுத்துச் சொல்லும் வாய்ப்பும் இல்லை.

டொராண்டோவில் இலட்சக்கணக்கான தமிழர் வாழ்கின்றனரே, அவர்கள் இவ்வழியில் சென்றவர்களா என்று கேட்பீர்கள். பெரும்பாலோர் அல்லர். 1983-ஆம் ஆண்டுக் கலவரத்திற்குப் பின் ஈழத்திலிருந்து அகதிகளாகச் சென்றவர்களும் அவர்களால் அழைக்கப்பட்ட உறவினர்களுமே அவர்கள். நம் இளைஞருக்கு முன் இருப்பது வேறு வாயில்.

இன்று கனடாவின் வாயில் இரண்டு அடுக்காக உள்ளது. திறன்மிகு தொழிலாளர் என்று விண்ணப்பிப்பவர் முதலில் 100-க்கு 67 பெறவேண்டும். அதன்பின் 2015-இல் தொடங்கிய ‘எக்ஸ்பிரஸ் என்ட்ரி’ என்னும் வரிசையில் 1,200-க்குப் புள்ளியிட்டு நிறுத்தப்படுவர். அவ்வப்போது மேலிருந்து சிலரை அழைப்பர். இவ்விரண்டுக்கும் முன்னரே ஒரு சிறு தாழ்ப்பாள் உள்ளது. முகவர்கள் அதைப்பற்றிப் பேசுவதில்லை. ஆகையால் நாம் சற்று விரித்துச் சொல்கின்றோம்.

அந்நாட்டின் தொழிற்பட்டியலில் ஒவ்வொரு தொழிலுக்கும் ஐந்து இலக்க எண் உண்டு. அதன் இரண்டாவது இலக்கத்தைப் பாருங்கள். அது 0 முதல் 3 வரை இருந்தால் திறன்மிகு தொழில். 4 அல்லது 5 என்றால் இவ்வழியில் கணக்கில் வாராது. மெஷினிஸ்ட் 72100. டை செய்வோர் 72101. வெல்டர் 72106. ஆலை எலக்ட்ரீஷியன் 72201. இவையெல்லாம் உள்ளே. வாகனம் பொருத்துவோர் 94200. மின்னணுப் பொருள் பொருத்துவோர் 94201. இவை வெளியே. பெரிய ஆலையின் சீருடை அணிந்து நிறைவுற்ற காரை வெளியே அனுப்பும் தம்பிக்கு அங்கே ஒரு புள்ளியும் இல்லை. அதே காருக்குச் சிறிய துணை ஆலையில் டை செதுக்கும் தம்பிக்கு உண்டு. ஊரிலும் பெண் பார்க்கும் இடத்திலும் மதிப்பு முன்னவருக்குத்தான்! கைப்பேசி ஆலைகளில் பணிபுரியும் நம் பெண்மக்கள் ஆயிரக்கணக்கானோர் இந்த 94201-க்குள் அடங்கிவிடுகின்றனர். 2014 நவம்பரில் ஸ்ரீபெரும்புதூர் நோக்கியா ஆலை மூடப்பட்டபோது, எட்டாண்டுக் கைப்பழக்கம் வேறெங்கும் விலைபோகவில்லை என்பதைப் பல குடும்பங்கள் உணர்ந்தன. ஆகவே வரிசையில் நிற்கும் பிள்ளை பராமரிப்புப் பிரிவுக்கோ, கருவிக்கூடத்திற்கோ, தரக்கட்டுப்பாட்டு அளவைப் பணிக்கோ நகர வழி தேடவேண்டும். வெளிநாடு போகாவிடினும் இதனால் இழப்பொன்றும் இல்லை.

அடுத்தது அனுபவம். ஓராண்டேனும் இடைவிடாமல், வாரம் முப்பது மணி வீதம் 1,560 மணி நேரம், ஊதியம் பெற்று ஒரே தொழிலில் உழைத்திருக்கவேண்டும். இடைவிடாமல் என்ற சொல்லைக் குறித்துக்கொள்ளுங்கள். நம் இளைஞர் பலர் ஒப்பந்தத் தொழிலாளராகவோ பயிற்சியாளராகவோ இருக்கின்றனர். சில மாதங்களுக்கு ஒருமுறை கணக்கை முடித்து, சில நாள் வெளியே நிறுத்தி, மீண்டும் புதிய ஆளாகச் சேர்க்கும் வழக்கத்தை அறிவோம். இருபத்துநான்கு மாதத்தில் 480 நாள் உழைத்தவருக்கு நிலைப்பணி என்று தமிழ்நாடு 1981-இல் இயற்றிய சட்டத்தின் பயன் தொழிலாளிக்குக் கிட்டாதிருக்கவே இந்த ஏற்பாடு. இங்கே நிலைப்பணியைத் தடுக்கும் அதே இடைவெளி, அங்கே நிலைக்குடியிருப்பையும் தடுக்கின்றது. இதனை நம் சங்கம் வெறும் வெளிநாட்டு ஆசை பற்றிய செய்தியாகக் கொள்ளவில்லை.

இனி, அனுபவக் கடிதம். நிறுவனத்தின் பெயர் அச்சிட்ட தாளில், பதவி, செய்த பணிகள், தொடங்கிய நாள், முடிந்த நாள், வாரத்திற்கு எத்தனை மணி, ஊதியம் எவ்வளவு ஆகியவை பொறுப்பாளர் கையெழுத்துடன் இருக்கவேண்டும். சி.என்.சி. எந்திரத்தை நான்காண்டு ஓட்டிய ஒருவருக்கு ஒப்பந்தக்காரர் தரும் சீட்டில் ‘ஹெல்பர்’ என்றிருந்தால் அவர் உலகத்தின் கண்ணுக்கு ஹெல்பரே. எனவே வேலையில் இருக்கும்போதே, உறவு நன்றாக இருக்கும்போதே, பணியின் பெயரைத் திருத்திக் கேளுங்கள். மாதந்தோறும் ஊதியச் சீட்டை வாங்கி வையுங்கள். வருங்கால வைப்புநிதிப் பேரேட்டில் மாதமும் நிறுவனமும் பதிவாகியுள்ளனவா என்று பாருங்கள். ஒப்பந்தக்காரர் மறைந்து போனாலும் அப்பேரேடு மறையாது. ஐ.டி.ஐ. முடித்தோர் தேசியத் தொழிற்சான்றிதழையும், 1961-ஆம் ஆண்டுச் சட்டப்படி அப்ரண்டிஸ் பயிற்சி முடித்தோர் அதன் தேசியச் சான்றிதழையும் பெறாமல் விட்டிருந்தால் உடனே பெறுங்கள்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். இருபத்தேழு வயது, மணமாகாதவர், மெஷினிஸ்டாக மூன்றாண்டு அனுபவம். அவர் படிப்பு கனடாவின் ஈராண்டுப் படிப்புக்கு நிகர் என்று மதிப்பீட்டுச் சான்றும் கிடைத்துவிட்டதாகக் கொள்வோம். ஐ.ஈ.எல்.டி.எஸ். ஆங்கிலத் தேர்வில் நான்கு பகுதியிலும் 6 வாங்கினால், முதல் வாயிலில் அவர் பெறுவது மொழிக்கு 16, படிப்புக்கு 19, அனுபவத்திற்கு 11, வயதுக்கு 12, ஆக 58. தேறவில்லை. கேட்டலில் 8-உம் மற்ற மூன்றில் 7-உம் வாங்கினால் மொழி 24 ஆகி, மொத்தம் 66. ஒரே ஒரு புள்ளி குறைவு! இன்னும் ஓராண்டு அனுபவம் சேர்ந்தால் 68; வாயில் திறக்கும். இரண்டாம் வரிசையில் 6 மட்டும் வாங்கியவருக்கு ஏறத்தாழ 314, உயர்ந்த மதிப்பெண் வாங்கியவருக்கு 407. படிப்பும் தொழிலும் வயதும் ஒன்றே. ஆங்கிலம் மட்டுமே 93 புள்ளி. 1967-இல் நூற்றில் 10 பெற்றிருந்த மொழி இன்று 28 வரை உயர்ந்துள்ளது. தமிழ்வழியில் படித்த முதல் தலைமுறைப் பிள்ளைக்கும், வீட்டிலேயே ஆங்கிலம் பேசும் பிள்ளைக்கும் உள்ள பழைய இடைவெளி இங்கே புள்ளியாக மாறி நிற்கின்றது.

407 போதுமா? தொழில்வினைஞர்க்கெனத் தனியாக 2023 ஆகஸ்டில் அழைத்தபோது 388 போதுமானதாயிருந்தது. அதன்பின் அவ்வெல்லை மேலேறிவிட்டது. பொது அழைப்புகளில் அண்மை ஆண்டுகளில் 500-க்குக் குறைவானவர்க்கு இடம் கிடைப்பது அரிது. மாநில அரசு ஒன்று பெயர் குறித்து அழைத்தால் 600 புள்ளி சேரும். வேலைவாய்ப்புக் கடிதத்திற்கு இவ்வரிசையில் அளித்துவந்த புள்ளியை 2025 மார்ச்சில் நீக்கிவிட்டனர். ஆகவே கடிதம் வாங்கித் தந்து புள்ளி ஏற்றுவதாகப் பணம் கேட்பவரிடம் இந்த ஆண்டையும் மாதத்தையும் சொல்லிப் பாருங்கள், பேச்சு மாறும். வயதும் காத்திராது. இருபத்தொன்பது வரை 110, முப்பத்தைந்தில் 77, நாற்பதில் 50, நாற்பத்தைந்தில் ஒன்றுமில்லை.

பணமும் காட்டவேண்டும். தனி ஒருவருக்கே ஏறத்தாழ 15,000 கனடா டாலர், அதாவது ஒன்பது பத்து இலட்சம் ரூபாய், கையிருப்பாக வேண்டும். கடன் வாங்கிக் காட்டக்கூடாது. நிலமும் நகையும் வழிவழி வந்த வீட்டாருக்கு இது ஒரு வங்கிக் கடிதம். நமக்கோ பல ஆண்டுச் சேமிப்பு. பிறப்பைக் கேளாத விதி, பிறப்பு பிரித்து வைத்த சொத்தைக் கேட்கின்றது.

ஆஸ்திரேலியாவின் கணக்கு தொழில்வினைஞர்க்குச் சற்று இணக்கமானது. அங்குத் தேறும் அளவு 65. பட்டத்திற்கு 15 என்றால் ஏற்கப்பட்ட தொழிற்கல்விக்கு 10, வேறுபாடு ஐந்தே. இருபத்தைந்து முதல் முப்பத்திரண்டு வயது வரை 30 புள்ளி. ஆயினும் தொழில்திறனை அந்நாட்டு அமைப்பு முதலில் மதிப்பிட்டு ஒப்பவேண்டும். அங்கும் அதே அனுபவக் கடிதம்தான். ஜெர்மனி 2024 ஜூனில் தொடங்கிய ‘வாய்ப்பு அட்டை’ குடியிருப்பு உரிமை அன்று. ஓராண்டு தங்கி வேலை தேடும் அனுமதியே. ஆறு புள்ளி போதும் என்பதோடு, அரசு ஒப்பிய ஈராண்டுத் தொழிற்கல்வியை அது மதிக்கின்றது. ஓராண்டு வெல்டர் படிப்பை விட ஈராண்டு ஃபிட்டர், மெஷினிஸ்ட் படிப்பைத் தேர்ந்தெடுக்க இதுவும் ஒரு காரணம். ஈராண்டு ஐ.டி.ஐ. முடித்தவர் பாலிடெக்னிக்கில் நேரே இரண்டாம் ஆண்டில் சேரலாம் என்பதையும் நம் பெற்றோர் பலர் அறியவில்லை.

முகவர்களைப் பற்றிச் சுருங்கச் சொல்வோம். புள்ளிக் கணக்கை அந்தந்த அரசுகளே இலவசமாக வெளியிட்டுள்ளன. கூட்டிப் பார்க்க எவருக்கும் கட்டணம் தரவேண்டியதில்லை. வேலைக்கு ஆள் அனுப்புவோர் 1983-ஆம் ஆண்டுக் குடிபெயர்வுச் சட்டப்படி பதிவு பெற்றிருக்கவேண்டும். தமிழ்நாடு அரசின் அயல்நாட்டு வேலைவாய்ப்பு நிறுவனம் 1978 முதல் இயங்கி வருகின்றது. முதலில் அங்கே கேளுங்கள்.

அங்கே சென்றால் சாதி தொலையுமா? கப்பலேறிய காலத்திலும் அது தொலையவில்லை. விமானத்திலும் அது கூடவே ஏறிக்கொள்கின்றது. 2023 பிப்ரவரியில் அமெரிக்காவின் சியாட்டில் நகர மன்றம் சாதிப் பாகுபாட்டைத் தடை செய்தது. அடுத்த மாதமே டொராண்டோ மாவட்டப் பள்ளி வாரியம் தம் பள்ளிகளில் அப்பாகுபாடு உண்டென ஏற்று நடவடிக்கை கோரிற்று. நோய் அங்கும் உண்டு. அதைப் பெயர் சொல்லி முறையிட ஓர் இடமும் அங்கே உண்டாகி வருகின்றது.

போங்கள் என்றோ போகாதீர்கள் என்றோ சங்கம் சொல்லவில்லை. போவதும் இருப்பதும் உங்கள் வீட்டார் முடிவு. நாம் கேட்பது, இன்று கையில் இருக்கும் தாள்களை ஒருமுறை பார்த்துவிடுங்கள் என்பதே. சான்றிதழும் ஊதியச் சீட்டும் கொண்டு வந்திருப்போர், பகலுணவிற்குப் பின் நூலக அறையில் நம் ஆசிரியர்களைச் சந்திக்கலாம். ‘ஹெல்பர்’ என்று எழுதிய சீட்டு வைத்திருப்போர் முதலில் வரவும். அவற்றுக்கு நேரம் பிடிக்கும்.