ஒரே கங்கில் இரண்டு கைமணம்

14 கொண்டை ஊசி வளைவு ஏறி ஏலகிரி போனால், குளிருக்கு அடுப்புக்கரி மூட்டிக் கறி சுடுகிறார்கள். அந்தக் கங்கில் என்ன சுடலாம்? விடை மலைக்குக் கீழே, ஆம்பூர்ப் பக்கம் இருக்கிறது.

ஆம்பூர் பிரியாணி ஆற்காடு நவாபுகளின் சமையலறை வழி வந்தது என்பார்கள். மூடிமேல் தணல் போட்டுத் தம் கட்டுவது அவர்கள் முறை. சீரகச் சம்பாவும், புளி சேர்த்த கத்தரிக்காயும் நம் மண்ணுடையவை. இப்படிக் கலந்த ருசிக்கு ஈடு ஏது!

அதே கலப்பைக் கங்குக்கும் கொண்டுவரலாம். காய்ந்த மிளகாயை ஊறவைத்து அரைத்து, இஞ்சி, பூண்டு, தயிர் சேர்த்து ஆட்டுக்கறியில் பிசறுங்கள். பப்பாளிக்காய் விழுது கொஞ்சம் போதும். அதிலுள்ள பப்பைன் என்ற நொதி கறியின் புரதத்தை உடைத்து மென்மையாக்கும். அளவு மீறினாலோ, நெடுநேரம் ஊறினாலோ கறி கொழகொழத்துவிடும். இதில் மட்டும் கவனம் தேவை. தீ நாக்கு அடங்கி, கரி சாம்பல் பூத்த பிறகே கறி கோத்த கம்பியை வையுங்கள்.

கறி வேகும்போதே பக்கத்தில் முழுக் கத்தரிக்காயைச் சுட்டு, தோலுரித்து, புளிக்கரைசல், உப்பு, பச்சை மிளகாய், சின்ன வெங்காயம் சேர்த்துப் பிசையுங்கள். நவாபு வீட்டுக் கபாபுக்கு நம் கிராமத்துத் தொட்டுக்கை இது. சூடு ஆறுவதற்குள் பரிமாறிவிடுங்கள்.