பாடகரின் பின்னால் நின்ற நண்பர்

(இளைஞர் கூட்டமொன்றில் நிகழ்த்திய சொற்பொழிவு)



மேடையில் நிற்பவரைப் பற்றிப் பேசுவோர் பலர். மேடைக்குப் பின்னால் நிற்பவரைப் பற்றிப் பேசுவோர் மிகச் சிலர். பின்னால் நின்ற ஒருவரைப் பற்றியே இன்று சில வார்த்தைகள் கூற விரும்புகின்றேன். அமெரிக்கப் பாடகர் எல்விஸ் பிறெஸ்லிக்குப் பிரயாண மனேஜராகவும் நம்பிக்கைக்குரிய நண்பராகவும் வாழ்ந்த ஜோ எஸ்பொசிட்டோ என்பவரே அவர்.

ஜோ 1938ஆம் ஆண்டு சிக்காகோ நகரிலே பிறந்தவர். 1958இல் எல்விஸ் கட்டாய இராணுவ சேவைக்கு அழைக்கப்பட்டு ஜேர்மனிக்குச் சென்றார். அதே சேவையிலிருந்த ஜோவுடன் அங்கே நட்பு உண்டாயிற்று. 1960இல் சேவை முடிந்ததும் எல்விஸ் அவரைத் தம்மிடமே வேலைக்கு அமர்த்திக்கொண்டார். காலப்போக்கில் ஜோ மற்றை உதவியாளர்களை நடத்துபவரானார். 1967 மே 1ஆந் திகதி எல்விஸ் மணம் புரிந்தபோது மாப்பிள்ளைத் தோழர் இருவருள் இவர் ஒருவர்.

பிரயாண மனேஜரின் வேலை யாது? ஒப்பந்தம் பேசுவது கேணல் பார்க்கர் என்னும் பிரதான மனேஜரின் பொறுப்பு. அதன்பின் எழும் ஆயிரம் சில்லறை வேலைகள் ஜோவின் தலையில். எந்த ஹோட்டலில் எத்தனை அறை, எந்த வாசலில் கார், யாரை உள்ளே விடுவது, எந்தச் செலவுக்கு எவ்வளவு கொடுப்பது என்பனவெல்லாம் அவர் பார்க்க வேண்டியவை. எல்விஸ் இரவில் விழித்துப் பகலில் உறங்குபவர். ஆகவே அவரைச் சூழ்ந்தவர்களுக்கும் இரவே பகலாயிற்று. மனைவி மக்களோடிருக்கும் பொழுது சுருங்கிற்று.

1969 யூலை 31இல் லாஸ் வேகாஸ் மேடையேறியது முதல் 1977 யூன் 26இல் இண்டியானாபொலிஸில் கடைசியாகப் பாடியது வரை ஆயிரத்துக்கு மேற்பட்ட கச்சேரிகள் நடந்தன. 1972 யூனில் நியூயோர்க்கில் மட்டும் மூன்று நாளில் நான்கு கச்சேரிகள்! இவ்வேலை சரியாக நடந்தால் எவர் கண்ணுக்கும் தெரியாது. ஒன்று பிழைத்தாலோ எல்லார் கண்ணிலும் படும். புகழை நாடாத உழைப்பு என்பது இதுதான்.

ஆயினும், இளைஞர்களே, இங்கே ஒரு சிக்கலும் உண்டு. நண்பனே சம்பளம் வாங்கும் ஊழியனாகவும் இருந்தால், முதலாளியின் தவற்றை அவன் எவ்வாறு எடுத்துச் சொல்வான்? எல்விஸ் வைத்தியர்கள் எழுதிக் கொடுத்த மருந்துகளுக்கு வரவர அடிமையானார். சுற்றியிருந்தோர் அதைக் கண்டனர். எடுத்துச் சொன்னவர்களும் உண்டு, அவர் செவிசாய்க்கவில்லை. சொல்பவனுக்கும் கேட்பவனுக்கும் இடையிலே சம்பளப் பணம் நின்றது. ஆமென்று சொல்ல ஆட்கள் நிறைந்த வீட்டிலே, இல்லை என்னும் ஒரு சொல் அரிதாயிற்று.

1977 ஆகஸ்ட் 17இல் போர்ட்லன்ட் நகரில் அடுத்த பிரயாணம் தொடங்குவதாக இருந்தது. அதற்கான ஏற்பாடுகள் யாவும் ஆயத்தம். அதற்கு முந்திய நாள் எல்விஸ் மெம்பிஸ் நகரிலுள்ள தமது வீட்டிலே உணர்விழந்து கிடந்தார். விரைந்து சென்று உயிர்ப்பிக்க முயன்றவர்களுள் ஜோவும் ஒருவர். முயற்சி பலிக்கவில்லை. எல்விஸின் வயது 42. எத்தனையோ கச்சேரிகளுக்கு அவரைக் காலந்தவறாது கொண்டுசென்ற நண்பர், இறுதியில் அவரது சவப்பெட்டியைச் சுமந்தவர்களுள் ஒருவரானார். ஜோ 2016இல் மறைந்தார்.

ஜோவைக் குறைகூற நான் இக்கதையைச் சொல்லவில்லை. பதினேழு ஆண்டுகள் ஒருவருக்குத் துணைநிற்பது எளிதன்று. ஆனால் வள்ளுவர் நட்பின் இயல்பை ஐந்து அதிகாரங்களில் ஆராய்ந்தது வீணுக்கன்று. தவறு கண்டவிடத்துக் கண்டித்துத் திருத்துவதும் நட்பின் கடமையென்று அவர் கொண்டார்.

நாளை உங்களில் ஒருவர் பெரியவரொருவரின் காரியதரிசியாகலாம். இன்னொருவர் தாமே பெரியவராகலாம். உதவியாளராகுபவர், வேலை போனாலும் வாழலாம் என்னும் துணிவைத் தேடிக்கொள்ளட்டும். அப்போதுதான் அவர் சொல்லில் உண்மை நிற்கும். பெரியவராகுபவர், தம்மிடம் சம்பளம் வாங்காத நண்பர் ஒருவரையாவது பக்கத்தில் வைத்திருக்கட்டும். அவர் கசப்பாகப் பேசும் நாளிலும் கதவைச் சாத்தாதிருக்கட்டும்.

பெட்டி சுமக்கவும் வண்டி பிடிக்கவும் கூலிக்கு ஆள் கிடைக்கும். வேண்டாம் என்று நம்மைத் தடுக்கும் அன்புக்குக் கூலி கொடுக்க இயலாது. இதை நெஞ்சிலிருத்துமாறு கேட்டு அமைகின்றேன்.