மூன்றாமவர்: ஜேம்ஸ் ஃபின்லேசனின் கோபம்



லாரல்-ஹார்டி படம் பார்த்துச் சிரிக்காதவர்கள் நம்மில் குறைவு. அந்தப் படங்களில் வழுக்கைத் தலையும் ஒட்டுமீசையுமாக, ஒரு கண்ணை இடுக்கி முறைக்கிற ஒருவர் அடிக்கடி வருவார். முகத்தைச் சட்டென்று சொல்லிவிடுவோம், பெயர் வராது. அவர் ஜேம்ஸ் ஃபின்லேசன். அந்த இருவரோடு 33 படங்களில் நடித்தவர்.

1887-இல் ஸ்காட்லாந்தின் லார்பர்ட் ஊரில் பிறந்தார். அமெரிக்கா போய் நாடகங்களில் நடித்து, மாக் சென்னட்டின் படக் கம்பெனியில் சில காலம் இருந்துவிட்டு, ஹால் ரோச் ஸ்டூடியோவில் சேர்ந்தார். 1927-இல் லாரல், ஹார்டி, ஃபின்லேசன் மூவரும் சேர்ந்தே சில படங்கள் செய்தார்கள். ரசிகர்கள் இருவரைப் பிடித்துக்கொண்டார்கள். மூன்றாமவர் எதிராளியானார். அதை அவருடைய சறுக்கல் என்று நான் கொள்ளவில்லை. அவர் கலை தொடங்குவதே அங்கேதான்.

1929-இல் வந்த ‘பிக் பிசினஸ்’ சுமார் 20 நிமிட ஊமைப்படம். கலிபோர்னியா வெயிலில் இருவரும் கிறிஸ்துமஸ் மரம் விற்க வருகிறார்கள். ஃபின்லேசன் வேண்டாம் என்று கதவைச் சாத்த, மரக்கிளை இடுக்கில் மாட்டிக்கொள்கிறது. மணி அடிக்கிறார்கள். திறக்கிறார், சாத்துகிறார், மறுபடி மாட்டுகிறது. கடைசியில் செடி வெட்டும் கத்தரியோடு வந்து மரத்தைத் துண்டாக்குகிறார். பிறகு அவர்கள் இவர் வீட்டை உடைக்க, இவர் அவர்கள் காரைப் பிய்த்துப் போடுகிறார்.

ஒரு தரப்பு உடைக்கும்போது மறுதரப்பு தடுப்பதே இல்லை. நின்று பார்க்கிறது. தன் வீட்டில் கைவைக்கிறவர்களை ஃபின்லேசன் பார்க்கிறார். தலை பின்னுக்கு வெட்டுகிறது. நம்ப முடியாமல் திரும்பவும் பார்க்கிறார். ஒரு கண் சுருங்க, மற்றது விரிகிறது. ‘என் முறை வரட்டும்’ என்கிறது அந்த முகம். இந்தப் பொறுமை இல்லாவிட்டால் அந்தப் படம் வெறும் அடிதடி. பொறுத்துப் பொறுத்துச் சேர்ந்த ஆத்திரம்தான், புல்தரையில் ஒரு மரத்தோடு கட்டிப்புரண்டு அவரை மல்லுக்கட்ட வைக்கிறது. தனியொருவர் மரத்தோடு போடும் அந்தச் சண்டைக்கு நிகரான நகைச்சுவை நடிப்பை நான் அதிகம் பார்த்ததில்லை.

பேசும்படம் வந்ததும் அந்த முகத்துக்கு ஒரு குரலும் கிடைத்தது: ஏமாந்ததும் ‘டோ...ஓ’ என்று நீட்டி முனகுவார். ‘சிம்சன்ஸ்’ தொடரில் ஹோமருக்குக் குரல் கொடுத்த டான் காஸ்டெல்லனெட்டா, அந்த முனகலை இவரிடமிருந்துதான் எடுத்துச் சுருக்கிக்கொண்டார். ‘வே அவுட் வெஸ்ட்’ (1937) படத்தில், அனாதைப் பெண்ணுக்குச் சேர வேண்டிய தங்கச் சுரங்கப் பத்திரத்தைச் சுருட்டப் பார்க்கும் மதுக்கடை முதலாளி இவர். இவர் அத்தனை தந்திரக்காரராக இருப்பதால்தான் அந்த இருவரின் வெகுளித்தனம் எடுபடுகிறது.

1940-க்குப் பிறகு சில்லறை வேடங்கள்தாம். 1953-இல் லாஸ் ஏஞ்சலிஸில் காலமானார்.

இந்தப் பொழிவு முடிந்ததும் ‘பிக் பிசினஸ்’ திரையிடப்படும். லாரலும் ஹார்டியும் உடைத்து நொறுக்கும்போது கண் அவர்கள் பக்கமே போகும். அந்த நேரத்தில் ஃபின்லேசனைப் பாருங்கள்.